கூட்டிப் போனதா, கூடப் போனதா?

எங்கள் ஊரில் மேல்முறையீடு கேட்க நீதிபதிகள் விமானத்தில் வருகிறார்கள். அந்தமான் நிக்கோபாருக்குத் தனி உயர் நீதிமன்றம் கிடையாது. 1953இல் வந்த ஒரு சட்டத்தின்படி நாங்கள் கல்கத்தா உயர் நீதிமன்றத்தின் கீழே. அதன் சுற்று அமர்வு போர்ட் பிளேரில் நடக்கிறது. நீதிபதிகள் முறை வைத்து வந்து போவார்கள். 2024இல் ஊருக்கு ஸ்ரீ விஜயபுரம் என்று பெயர் வைத்தார்கள். கட்சிக்காரர்கள் வாயில் இன்னும் போர்ட் பிளேர்தான், என் வாயிலும்.

ஷாதிபூரில் வீட்டு முன்னறைதான் என் அலுவலகம். கைதிகள் காலத்தில் நன்னடத்தைச் சீட்டு வாங்கியவர்கள் கல்யாணம் செய்துகொண்டு குடியேறிய பகுதி இது என்று பெரியவர்கள் சொல்வார்கள். 1860ஆம் ஆண்டின் பீனல் கோடில் ஆயுள் சிறை என்று ஒன்று இல்லை. வாழ்நாள் நாடுகடத்தல் என்றுதான் இருந்தது. 1955இல் வந்த திருத்தம்தான் அதை ஆயுள் சிறையாக்கியது. கொலை செய்யும் எண்ணத்தோடு ஆளைக் கடத்துகிறவனுக்கான 364ஆம் பிரிவிலும் அதே நாடுகடத்தல்தான். அப்பீலில் தோற்றவர்கள் கப்பலில் வந்து இறங்கிய மண்ணில் உட்கார்ந்து நான் கடத்தல் வழக்குகளுக்கு அப்பீல் எழுதுகிறேன். இதை நினைத்துச் சிரிக்க நேரம் கிடைப்பது அமர்வு இல்லாத வாரங்களில்தான்.

கடத்தல் என்றதும் சினிமாவில் வருகிற வேனும் முகமூடியும் ஞாபகத்துக்கு வரும். என் கைக்கு வந்த கட்டுகளில் பெரும்பாலானவை அப்படிப்பட்டவை இல்லை. பதினாறு, பதினேழு வயதுப் பெண். இருபத்தொன்று, இருபத்திரண்டு வயதுப் பையன். வீட்டில் தெரிந்து அடி விழுந்திருக்கும். மறுநாள் இருவரையும் காணோம். பெண்ணின் அப்பா புகார் கொடுப்பார். பீனல் கோடின் 363 (கடத்தல்), 366 (கல்யாணத்துக்காகக் கடத்தல்), கூடவே சிறார் பாலியல் குற்றங்களுக்கான போக்சோ சட்டம். பெண் ராமநாதபுரத்துக் குடும்பம், பையன் ராஞ்சிக்காரர்கள் வீட்டுப் பிள்ளை என்று இருந்துவிட்டால் புகாரின் சூடு இன்னும் கொஞ்சம் கூடும்.

வெறும் 363 என்றால் ஜாமீன் கிடைக்கக்கூடிய குற்றம், மாஜிஸ்திரேட் விசாரிப்பார், அப்பீல் செஷன்ஸ் நீதிமன்றத்துக்குப் போகும். 366ஓ போக்சோவோ சேர்ந்தால் செஷன்ஸ் அல்லது சிறப்பு நீதிமன்றம். அப்பீல் உயர் நீதிமன்றத்தில், 60 நாளுக்குள். புரோத்ராப்பூர் ஜெயிலில் இருக்கிறவனுக்கு 60 நாள் என்பது ஒன்றுமே இல்லை. தீர்ப்பு நகல், வக்காலத்தில் கையெழுத்து, பணம் என்று ஓடிவிடும். பணம் இல்லாதவர்களுக்குச் சட்ட உதவி ஆணையம் மூலமாக ஜெயிலிலிருந்தே மனு வரும். தாமதத்தை மன்னிக்கக் கேட்கும் மனுவையும் சேர்த்தே போட்டுவிடுவோம்.

முன்னறைக்கு வருகிற அம்மாக்கள் முதலில் கேட்பது, “அக்கா, அப்பீல் போட்டா தண்டனை கூடிடுமா?” ஜெயிலில் யாரோ பயமுறுத்தி அனுப்பியிருப்பார்கள். கைதி தானே போட்ட அப்பீலில் நீதிமன்றம் தண்டனையைக் குறைக்கலாம், தன்மையை மாற்றலாம், கூட்ட முடியாது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 386 அப்படித்தான் சொன்னது, இப்போதைய பிஎன்எஸ்எஸ் 427ம் அதையே சொல்கிறது. கூட்ட வேண்டுமானால் அரசு தனியாக அப்பீல் போட வேண்டும். விடுதலையையும் குறைந்த பிரிவில் வந்த தண்டனையையும் எதிர்த்துப் பாதிக்கப்பட்டவர் தரப்பும் அப்பீல் போடலாம் என்று 2009இலிருந்து வழி இருக்கிறது. இரண்டாவது கேள்வி, “பையன் எப்போ வெளிய வருவான்?” அதற்குப் பெயர் தண்டனை நிறுத்திவைப்பு. அப்பீல் முடிவதற்குள் தண்டனையே முடிந்துவிடுகிற நிலை வரக்கூடாது என்பதற்காக இருக்கும் வழி. மூன்றாண்டுக்கு உட்பட்ட தண்டனையாக இருந்து, பையன் ஜாமீனிலும் இருந்தால், தண்டித்த நீதிமன்றமே அப்பீல் போடும்வரை வெளியே விடும். மற்றவர்களுக்கு அப்பீல் நீதிமன்றத்தில் மனு போட வேண்டும்.

அப்பீலுக்கான ஆவணக் கட்டான பேப்பர் புக் கைக்கு வந்ததும் தீர்ப்பை நான் கடைசியில்தான் படிப்பேன். தீர்ப்பு நன்றாகச் சொல்லப்பட்ட கதை. முதலில் அதைப் படித்துவிட்டால் பிறகு சாட்சியத்தில் கண் ஓடாது. முதலில் குற்றச்சாட்டு வரைவு. பிறகு பழைய நடைமுறைச் சட்டத்தின் 313இல் குற்றம் சாட்டப்பட்டவனிடம் கேட்ட கேள்விகள். அவனுக்கு எதிரான சங்கதி எதையாவது அங்கே அவனிடம் கேட்காமல் விட்டு, தீர்ப்பில் அதையே வைத்துத் தண்டித்திருந்தால் அப்பீலுக்கு அது நல்ல பிடி. பிறகுதான் பெண்ணின் சாட்சியம். அதிலும் குறுக்கு விசாரணையைத்தான் முதலில்.

மேல்முறையீட்டில் யாரும் சாட்சியின் முகத்தைப் பார்ப்பதில்லை. அவள் அழுதாளா, அப்பாவைத் திரும்பிப் பார்த்தாளா என்பதெல்லாம் தட்டச்சில் வராது. முதல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சாட்சியம் முழுவதையும் தானே எடைபோட வேண்டியது கடமை, ஆனால் அதன் கையில் இருப்பது காகிதம் மட்டும். கடத்தல் வழக்கு அங்கே நிற்பதும் விழுவதும் கதையின் உருக்கத்தால் இல்லை என்று எனக்குத் தோன்றுகிறது. பிரிவு கேட்கிற கூறுகள் ஒவ்வொன்றுக்கும் ஒரு காகிதமோ ஒரு வரியோ இருக்கிறதா என்பதில்தான் எல்லாம்.

முதல் கூறு வயது. பழைய பீனல் கோடின் 361இன்படி ஆண் என்றால் 16க்குக் கீழ், பெண் என்றால் 18க்குக் கீழ். ஒரு நாள் கூடினால் அந்தப் பிரிவே இல்லை. ஜி.பி. பந்த் மருத்துவமனையில் பிறந்த பிள்ளைக்குப் பிறப்புச் சான்றிதழ் சுலபம். ஸ்ரீகாகுளத்திலோ பரமக்குடிப் பக்கத்திலோ பிறந்து, மூன்று வயதில் கப்பலேறி வந்து, பள்ளியில் சேர்க்கிற அன்று அப்பா சொன்ன தேதியை ஹெட்மாஸ்டர் எழுதிக்கொண்ட பிள்ளைகள் இங்கே ஏராளம். இலங்கையிலிருந்து திரும்பி வந்து கச்சால் ரப்பர் தோட்டத்தில் குடியேறிய குடும்பங்களும் உண்டு. 2004 டிசம்பர் 26 சுனாமி அந்தத் தீவில் காகிதத்தை மட்டுமா விட்டுவைக்கவில்லை.

சிறார் நீதிச் சட்டத்தின் 94ஆம் பிரிவில் வரிசை தெளிவாக இருக்கிறது. முதலில் பள்ளி தரும் பிறந்த தேதிச் சான்றிதழ் அல்லது மெட்ரிகுலேஷன் சான்றிதழ். அது இல்லையென்றால் நகராட்சி, பஞ்சாயத்துப் பிறப்புச் சான்றிதழ். அதுவும் இல்லாவிட்டால்தான் எலும்புப் பரிசோதனை. 2023 ஜூலையில் உச்ச நீதிமன்றம் தீர்த்த யுவபிரகாஷ் வழக்கு தமிழ்நாட்டிலிருந்து போனது. பெண்ணின் வயதைக் காட்ட அரசுத் தரப்பு வைத்தது பள்ளி மாற்றுச் சான்றிதழ். டி.சி. அந்த வரிசையில் இல்லை என்று நீதிபதிகள் சொல்லிவிட்டார்கள். மருத்துவரோ பெண்ணுக்கு 18க்கு மேல் இருக்கலாம் என்றிருந்தார். போக்சோ தண்டனை ரத்தானது. அந்தத் தீர்ப்பு வந்த பிறகு பழைய கட்டுகளையெல்லாம் இறக்கி, எதில் டி.சி. மட்டும் இருக்கிறது என்று பார்த்தேன். எதிர்த்தரப்பும் சும்மா இருக்காது. மேல்முறையீட்டு நிலையிலேயே கூடுதல் சாட்சியம் வாங்கிக்கொள்ள பழைய நடைமுறைச் சட்டத்தின் 391இல் இருந்த வழி இன்றும் உண்டு. அரசு வழக்கறிஞர் ஊரிலிருந்து பிறப்புப் பதிவேட்டை வரவழைத்துவிட்டால் என் வாதம் அத்தோடு தீர்ந்தது.

அடுத்த கூறில்தான் எனக்கு ருசி அதிகம். காப்பாளரிடமிருந்து ‘எடுத்துச் சென்றிருக்க’ வேண்டும் அல்லது ஆசை காட்டி அழைத்திருக்க வேண்டும். மைனரின் சம்மதம் கணக்கில் வராது. அது பெற்றோரின் காப்புக்கு எதிரான குற்றம். சம்மதம் வராவிட்டாலும், பையன் என்ன செய்தான் என்ற கேள்வி அப்படியே நிற்கிறது. இதற்கு விடை சொன்னது ஒரு மெட்ராஸ் வழக்கு.

1960 அக்டோபர் 1. அப்பா மெட்ராஸ் அரசில் அதிகாரி. பெண் எதிராஜ் கல்லூரி மாணவி, 18 நிரம்பச் சில வாரங்களே பாக்கி. பக்கத்து வீட்டு வரதராஜனோடு பேச்சு இருப்பது தெரிந்து, அப்பா அவளைக் கோடம்பாக்கத்தில் உறவினர் வீட்டில் கொண்டுவிடுகிறார். அவள் அங்கிருந்து வெளியே வந்து தானே போன் செய்கிறாள், ஒரு தெருவில் வந்து நிற்கச் சொல்கிறாள். அவன் காரில் வருகிறான். பதிவு அலுவலகத்தில் கல்யாண ஒப்பந்தம் எழுதிக்கொள்கிறார்கள். பிறகு சாத்தூர், சிறுகுளம், கோயம்புத்தூர். தஞ்சாவூரில் போலீஸ் பிடிக்கிறது. மாஜிஸ்திரேட் ஓராண்டு கடுங்காவல் கொடுத்தார், உயர் நீதிமன்றமும் உறுதி செய்தது. 1964 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம், நீதிபதி முதோல்கர் எழுதிய தீர்ப்பில், விடுதலை செய்தது. நல்லது கெட்டது தெரிந்த வயதில் தானாகக் காப்பை விட்டு வந்தவளைக் கூட வர விடுவது வேறு, எடுத்துச் செல்வது வேறு. வீட்டை விட்டு வரும் எண்ணத்தை அவளுக்குள் உண்டாக்கியதில் அவனுக்குப் பங்கு இருக்க வேண்டும் என்றது.

அறுபது ஆண்டாக எங்கள் தரப்பு வக்கீல்கள் அந்தத் தீர்ப்பைச் சோறாகச் சாப்பிடுகிறோம். எதிரே நிற்பவர் 1972இல் தீர்ந்த ராஜாராம் வழக்கை எடுப்பார்: ஹரியானாவில் பதினான்கு வயதுப் பெண், ஆள் மூலம் தூது, வற்புறுத்தல். பலவந்தம் வேண்டியதில்லை, மனதை மாற்றியதே போதும் என்று உச்ச நீதிமன்றம் விடுதலையை ரத்து செய்தது. ஆகவே பேப்பர் புக்கில் நான் தேடுவது இரண்டே சங்கதி. கிளம்பிய நாளில் முதலில் போன் செய்தது யார்? அதற்கு முந்தைய வாரங்களில் அவன் என்ன வாக்குக் கொடுத்தான்? முதலாவதை மட்டும் படித்துவிட்டு வரதராஜனைத் தூக்கிக்கொண்டு ஓடுகிற ஜூனியர்களை நீதிபதிகள் இரண்டாவதைக் கேட்டே உட்கார வைத்துவிடுவார்கள்.

தீவில் இதற்கு நல்ல சாட்சிகள் கப்பலும் ரோடும். ராமாயண யுத்தம் போல இருபது பேர் சாட்சி சொன்னாலும், கப்பல் டிக்கெட் யார் பெயரில், யார் அடையாள அட்டையில், எந்த நாளில் வாங்கியது என்ற ஒரு காகிதத்துக்கு ஈடாகாது. ஹாடோ துறையிலிருந்து சென்னைக்கு மூன்று நாள் பயணம்; இரண்டு டிக்கெட்டையும் பையன் ஒரு வாரம் முன்பே எடுத்து வைத்திருந்தால், திடீரென்று அவளே வந்து நின்றாள் என்ற வாதம் கடலில் போடப்பட வேண்டியது. ரங்கத், மாயாபந்தர் பக்கம் பஸ்ஸில் போனவர்கள் என்றால் ஜிர்காடாங் செக்போஸ்ட். ஜாரவா பழங்குடியினரின் காட்டுக்குள் வண்டிகள் கான்வாயாகத்தான் போக வேண்டும்; அதற்காகக் காத்து நிற்கும் இடத்தில் போலீஸ் இருக்கும். அங்கே அவள் வாய் திறக்காமல் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தாள் என்பதைக் குறுக்கு விசாரணையில் கேட்டு வைத்திருந்தால் புண்ணியம். விசாரணை வக்கீல் கேட்காமல் விட்டதை அப்பீலில் நான் உண்டாக்க முடியாது.

மாஜிஸ்திரேட்டிடம் பழைய நடைமுறைச் சட்டத்தின் 164இல் கொடுத்த வாக்குமூலமும் அப்படித்தான். பல பெண்கள் அன்றைக்கு “நானாகத்தான் போனேன்” என்று சொல்லியிருப்பார்கள். ஓராண்டு பெற்றோர் வீட்டில் இருந்த பிறகு கூண்டில் ஏறினால் கதை மாறும். 164 வாக்குமூலம் தனியாக நிற்கும் சாட்சியம் இல்லை. கூண்டில் சொன்னதை உறுதிப்படுத்தவோ, அதோடு முரண்படுகிறது என்று காட்டவோ மட்டுமே பயன்படும். முரணைக் காட்டுவதென்றால் அதை அவள் முன்னால் வைத்துக் கேட்டிருக்க வேண்டும்.

பணயத் தொகைக்காகக் கடத்தும் வழக்கு எங்கள் ஊரில் அபூர்வம். கடத்தி எங்கே ஒளித்து வைப்பது? ஆனால் 364ஏ-வின் கணக்கைத் தெரிந்துகொள்ளாமல் கடத்தல் அப்பீல் பற்றிப் பேச முடியாது. 1993இல் சேர்த்த பிரிவு. தண்டனை மரணம் அல்லது ஆயுள், நடுவில் ஒன்றும் இல்லை. செகந்திராபாத்தில் ஓர் ஆட்டோ டிரைவர் பள்ளிச் சிறுவனைக் கொண்டுபோய் இரண்டு லட்சம் கேட்டார். விசாரணை நீதிமன்றம் ஆயுள் கொடுத்தது, உயர் நீதிமன்றம் உறுதி செய்தது. 2021 ஜூனில் ஷேக் அகமது வழக்காக அது உச்ச நீதிமன்றம் வந்தபோது நீதிபதிகள் பிரிவைத் துண்டு துண்டாகப் பிரித்தார்கள். கடத்தியது நிரூபணம். ஆனால் பணம் கேட்டால் மட்டும் போதாது. கொல்வேன், காயப்படுத்துவேன் என்ற மிரட்டலோ அந்தப் பயத்தை நியாயமாக எழுப்பும் நடத்தையோ இருக்க வேண்டும். சிறுவனே தன்னை நன்றாக வைத்துக்கொண்டார்கள் என்று சொல்லியிருந்தான். 364ஏ ரத்து, 363இல் ஏழு ஆண்டும் 5,000 ரூபாய் அபராதமும். ஒரே ஒரு கூறு விழுந்ததில் ஆயுள் ஏழாண்டானது.

இதன் மறுபக்கம் சுந்தர்ராஜன் வழக்கு. 2009 ஜூலையில் கடலூர் மாவட்டத்தில் ஏழு வயதுச் சிறுவன் பள்ளியிலிருந்து திரும்பும்போது கடத்தப்பட்டான்; ஐந்து லட்சம் கேட்டுப் போன்; பிள்ளை கொலை செய்யப்பட்டு உடல் குளத்தில். 2010 ஜூலையில் மரண தண்டனை, செப்டம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் உறுதி. மரண தண்டனை மட்டும் அப்பீல் போட்டாலும் போடாவிட்டாலும் உயர் நீதிமன்றம் உறுதி செய்யாமல் நிறைவேறாது. 2013இல் உச்ச நீதிமன்றமும் அப்பீலைத் தள்ளியது, மறுஆய்வும் போயிற்று. 2014இல் முகமது ஆரிஃப் வழக்கில், மரண தண்டனை மறுஆய்வை திறந்த நீதிமன்றத்தில் வாதம் கேட்டே முடிக்க வேண்டும் என்று தீர்ப்பு வந்ததால் கட்டு மறுபடி திறந்தது.

2023 மார்ச்சில் வந்த அந்த மறுஆய்வுத் தீர்ப்பை என் ஜூனியர்கள் எல்லாரையும் படிக்க வைத்தேன். மின்னணு ஆவணத்துக்கு வேண்டிய சான்றிதழ் இல்லாத போன் அழைப்புப் பதிவுகளை ஒதுக்கி வைத்துவிட்டு, மீதிச் சாட்சியம் குற்றத்தைத் தாங்குகிறதா என்று பார்த்தார்கள். தாங்கியது, குற்றத் தீர்ப்பு நின்றது. தண்டனை நிற்கவில்லை. இறந்தது ஒரே ஆண் பிள்ளை என்பதை 2013 தீர்ப்பு குற்றத்தின் கடுமையைக் கூட்டும் சங்கதியாக எடுத்திருந்தது; குழந்தை ஆணா பெண்ணா என்பது தண்டனையை நிர்ணயிக்க முடியாது என்றார்கள். குற்றவாளியின் சூழ்நிலைகளை, தணிக்கக்கூடியவற்றை, கீழே எவரும் உருப்படியாகத் தேடவில்லை என்றார்கள். சிறையில் அவர் உணவுத் தயாரிப்பில் டிப்ளமா முடித்திருந்தார், 2013இல் தப்பிக்கவும் பார்த்திருந்தார். இரண்டையும் பார்த்துவிட்டே, குறைந்தது இருபது ஆண்டு தண்டனைக் குறைப்பில்லாத ஆயுளாக மாற்றினார்கள்.

எனக்கு உறுத்துவது இந்த இடம்தான். குற்றமா இல்லையா என்பதற்கு நூற்றுக்கணக்கான பக்கம் எழுதுகிறோம். தண்டனை எவ்வளவு என்ற வாதம் பெரும்பாலும் மத்தியானச் சாப்பாட்டுக்கு முன்னால் முடிந்துவிடுகிறது. “வயதான தாயார் இருக்கிறார், முதல் குற்றம்” என்ற அந்த இரண்டு வரி எல்லாத் தீர்ப்பிலும் ஒரே மாதிரி இருக்கும். அப்பீல் வரும்போது ஆண்டுகள் ஓடியிருக்கும். அவன் வேறு ஆள், அவள் வேறு ஆள். ஓடிப்போன அதே ஜோடி கைக்குழந்தையோடு என் முன்னறையில் வந்து உட்கார்வது அதிசயமே இல்லை. பாதிக்கப்பட்டவள் என்று பேப்பர் புக் சொல்கிற பெண்தான் எனக்கு ஃபீஸ் கொண்டு வருவாள்.

363க்கும் 366க்கும் மேல் வரம்பு உண்டு, கீழ் வரம்பு இல்லை. ஏழு, பத்து ஆண்டுக்குள் எவ்வளவும் தரலாம். அங்கே வாதிட இடம் இருக்கிறது. 1998இல் நடந்த குஜராத் சம்பவத்தில் 2021இல் வந்த அன்வர்சிங் தீர்ப்பு எனக்குக் கைகொடுப்பது இதற்குத்தான். காதல் என்பது பதிலாகாது என்று குற்றத்தை உறுதி செய்தது. பலவந்தம் இல்லை, இளவயது, நீண்ட காலம் ஓடிவிட்டது என்று தண்டனையை அனுபவித்த அளவோடு முடித்தது. போக்சோ சேர்ந்தால் அந்தக் கதவு சாத்தப்படுகிறது. 2019க்குப் பிறகு ஆறாம் பிரிவில் குறைந்தபட்சமே இருபது ஆண்டு. உயர் நீதிமன்றம் அதற்குக் கீழே இறங்க முடியாது.

உச்ச நீதிமன்றத்துக்கு மட்டும் அரசியலமைப்பின் 142ஆம் பிரிவு இருக்கிறது. 2022இல் தண்டபாணி வழக்கில், சம்பவத்தின்போது பதினான்கு வயதாயிருந்து, தாய்மாமனையே மணந்து இரண்டு குழந்தைகளும் பெற்ற தமிழ்நாட்டுப் பெண்ணின் குடும்பத்தைக் கலைக்க விரும்பாமல் பத்தாண்டுத் தண்டனையை ரத்து செய்தார்கள். இதை முன்னுதாரணமாகக் காட்டக் கூடாது என்றும் எழுதினார்கள். எங்கள் கல்கத்தா உயர் நீதிமன்றத்தின் 2023 அக்டோபர் தீர்ப்பு இன்னும் பெரிய சுற்று சுற்றியது. இருபத்தைந்து வயதுக்காரனையும் பதினான்கு வயதுப் பெண்ணையும் பற்றிய வழக்கு. இருபது ஆண்டுத் தண்டனையை ரத்து செய்ததோடு வளரிளம் பெண்களுக்கு உபதேசமும் எழுதிவிட்டார்கள். உச்ச நீதிமன்றம் தானாகவே கையில் எடுத்து, 2024 ஆகஸ்டில் போக்சோ குற்றத்தைத் திரும்ப நிலைநாட்டியது. 363, 366இல் கிடைத்த விடுதலையை மட்டும் தொடவில்லை. 2025 மே மாதம், நிபுணர் குழுவின் அறிக்கையைப் பார்த்தபின், தண்டனை ஏதும் விதிக்காமல் 142இல் முடித்தது: அந்தப் பெண்ணை அதிகம் வதைத்தது சம்பவத்தைவிட அதன் பின்னால் வந்த சட்ட நடவடிக்கைதான் என்ற முடிவில். தீர்ப்பு சரியா என்று கேட்கிறவர்களிடம் நான் சொல்வது, பதினான்கை எப்படியும் பதினெட்டாக்க முடியாது; ஆனால் அந்தப் பெண்ணை உட்கார வைத்து விசாரித்த குழுவைப் போல ஒன்று கீழேயே இருந்திருந்தால் இத்தனை படி ஏறியிருக்க வேண்டாம்.

2024 ஜூலை 1 முதலான குற்றங்களுக்கு, பீனல் கோடுக்குப் பதிலாக வந்த பிஎன்எஸ். அதில் 137ஆம் பிரிவு ஆண், பெண் இருவருக்கும் வயதை 18 ஆக்கிவிட்டது. முந்தைய சம்பவங்களுக்குப் பழைய கோடேதான். கொஞ்ச காலத்துக்கு இரண்டையும் பையில் வைத்துக்கொண்டு அமர்வுக்குப் போக வேண்டும். புதிய பிரிவின் வாசனை மக்களுக்கு எட்டிவிட்டது. போன மாதம் டெய்ரி ஃபார்ம் பக்கத்திலிருந்து ஓர் அம்மா வந்தார். பையனுக்குப் பதினேழு, பெண்ணுக்கு இருபது, இருவரும் டிக்லிபூரில் அவளுடைய அக்கா வீட்டில் இருக்கிறார்கள், “இப்ப பையனைக் கூட்டிட்டுப் போனாலும் கேஸ் இருக்காமே அக்கா?” என்றார். இருக்கிறது என்றேன். பிறப்புச் சான்றிதழ் இருக்கிறதா, முதலில் யார் போன் பண்ணியது, பஸ் டிக்கெட் யார் எடுத்தது என்று வரிசையாகக் கேட்டேன். டிக்கெட் பையன் எடுத்தது, அம்மாவின் பீரோவிலிருந்து எடுத்த காசில்.